காக்கை சாப்பிட்ட பிறகு ஆபீஸ் திறக்கும்

அதைத் தெரிந்துகொண்டு என்ன செய்யப் போகிறீர்கள்? மெம்பராகி ஒரு மாதம்கூட ஆகவில்லை. போட்ட மாலையின் நார் இன்னும் உங்கள் வீட்டுக் கொடியில் தொங்கிக்கொண்டிருக்கும். அதற்குள் ஆட்டோ பிடித்து என் வீட்டுக்கு வந்துவிட்டீர்கள். கையில் ஆப்பிள் வேறு. பல் இல்லாதவளுக்கு ஆப்பிள் வாங்கி வருகிறவர்கள் ஊருக்கு என்ன நல்லது செய்துவிடப் போகிறீர்கள்? இரண்டு வாழைப்பழம் வாங்கி வந்திருந்தால் இந்நேரம் பாதிக் கதை முடிந்திருக்கும்.

நம் பஞ்சாயத்து ஆபீஸில் மட்டும் அமாவாசை மத்தியானம் எல்லாரும் அவரவர் நாற்காலியில் இருக்கிறார்களே, மனு கொடுத்தால் அடுத்த அமாவாசைக்குள் பதில் வந்துவிடுகிறதே, இந்தச் சட்டத்தை யார் போட்டது, எப்படிப் போட்டது என்று கேட்கிறீர்கள். இருக்கிற சட்டத்தை அனுபவித்துக்கொண்டு சும்மா இருக்கக் கூடாதா? சரி, வந்துவிட்டீர்கள். அந்த முறத்தை இப்படித் தள்ளுங்கள். மொச்சையை உரித்துக்கொண்டே கேளுங்கள். சும்மா கேட்கிறவர்களுக்கு நான் எதுவும் சொல்வதில்லை.

நான் உங்களைப் போல ஓட்டு வாங்கி உள்ளே போனவள் இல்லை. அந்தக் காலத்தில் எங்கள் டவுன் பஞ்சாயத்துக்கு ஒரு பெண்ணும் ஜெயித்து வரவில்லை என்றால், ஜெயித்த ஆண்கள் கூடி ஒரு பெண்ணைத் தாங்களே சேர்த்துக்கொள்ள வேண்டும் என்று விதி இருந்தது. விதிக்காகத் தேடினார்கள். கையெழுத்துப் போடத் தெரிந்திருக்க வேண்டும், அதற்கு மேல் எதுவும் தெரிந்திருக்கக் கூடாது. நான் இரண்டாம் வகுப்பில் வாத்தியார் காதைத் திருகினார் என்று பள்ளிக்கூடத்தை விட்டவள். அவர்கள் தேடிய ஆளுக்கு அளவெடுத்துத் தைத்தது போல் இருந்தேன்.

முதல் வருஷம் முழுக்க அந்தக் கூட்டங்களில் நான் செய்த ஒரே வேலை போண்டா சாப்பிட்டது. மற்றவர்களும் அதைத்தான் செய்தார்கள். நடுநடுவே பேசவும் செய்தார்கள், அதுதான் வித்தியாசம்.

என்னைப் பேச வைத்தவள் சரோஜா. என் அடுத்த வீட்டுக்காரி. அவள் புருஷன் ஏகாம்பரம் ஐப்பசியில் காய்ச்சலில் போய்விட்டான். நல்ல நெசவாளி. ஆனால் சந்தேகப் பிராணி. முடிந்த முடிச்சையே திரும்பத் திரும்பத் தொட்டுப் பார்ப்பான். பஸ் ஏறி உட்கார்ந்த பிறகும் இறங்கிப் போய்ப் பலகையைப் படித்துவிட்டு வருவான். அவன் இருந்தவரை கூட்டுறவுச் சங்கம் அவன் பெயரில் பட்டும் ஜரிகையும் கொடுத்தது. அவன் போன பிறகு அந்தப் பெயரைச் சரோஜா பெயருக்கு மாற்ற வேண்டும். அதற்கு ஏகாம்பரம் இறந்துபோனான் என்று பஞ்சாயத்து ஆபீஸிலிருந்து ஒரு சான்றிதழ் வேண்டும். தை அமாவாசைக்கு அடுத்த வாரம் சங்கத்தில் பொதுக்கூட்டம். அதற்குள் சான்றிதழைக் கொடுக்காவிட்டால் அந்த இடத்தை வரிசையில் காத்திருக்கும் வேறு ஆளுக்குக் கொடுத்துவிடுவார்கள். சரோஜா வீட்டுத் தறி வெறும் மரமாகிவிடும்.

உங்களில் பாதிப் பேர் தறியைப் பொருட்காட்சியில் பார்த்தவர்கள், அதனால் சொல்கிறேன். நம் ஊர்ச் சேலையில் உடல் ஒரு நிறம், கரை வேறு நிறம். இரண்டையும் கோத்து நெய்ய ஒரு தறிக்கு இரண்டு பேர் வேண்டும். சரோஜா உடலை நெய்தாள், அவள் நாத்தனார் கரைக்கு நூல் கோத்த நாடாவைத் தள்ளினாள். ஒருத்தி எழுந்து போனால் மற்றவள் கையைக் கட்டிக்கொண்டு உட்கார வேண்டியதுதான். நாங்கள் தறியில் கால் வைக்காத நாள் அமாவாசை ஒன்றுதான். ஆகவே ஊரில் யாருக்கு ஆபீஸில் என்ன வேலை இருந்தாலும் அமாவாசை அன்றுதான் போவார்கள். ஆபீஸில் இருக்கிறவர்களுக்கும் அது தெரியும். அன்றைக்குப் பார்த்துப் பிறப்பு இறப்புக் குமாஸ்தாவின் நாற்காலியில் அவருடைய துண்டு மட்டும் உட்கார்ந்திருக்கும். மனிதர் லீவு.

கார்த்திகை அமாவாசைக்குச் சரோஜா போனாள், துண்டைப் பார்த்துவிட்டு வந்தாள். தறியைப் போட்டுவிட்டு நடுவில் ஒரு நாள் போனாள், ஆபீசர் கையெழுத்துக்கு நாளைக்கு வா என்றார்கள். மறுநாள் போனதற்கு நாளைக்கு என்றால் நாளைக்கா என்றார்கள்.

நான் அடுத்த கூட்டத்தில் போண்டாவைக் கீழே வைத்துவிட்டு எழுந்தேன். இரண்டு விஷயம் கேட்டேன். ஒன்று, அமாவாசை அன்று ஆபீஸில் எல்லாரும் இருக்க வேண்டும். இரண்டு, கொடுத்த மனுவுக்கு அடுத்த அமாவாசைக்குள் பதில் வர வேண்டும். ஆகும் என்றால் ஆகும், ஆகாது என்றால் ஏன் ஆகாது என்று தமிழில் எழுதிக் கொடுக்க வேண்டும்.

எங்கள் நிர்வாக அதிகாரி, ஈ.ஓ. என்போம், திருநெல்வேலிப் பக்கத்து மனிதர். கெட்டவர் இல்லை. விதி இல்லாமல் தும்மக்கூட மாட்டார்.

"ரூல்ல அமாவாசைன்னு ஒண்ணு கிடையாதும்மா" என்றார்.

"ராகுகாலம் இருக்குதா சார்?"

"அதுவும் கிடையாது."

"அப்ப நீங்க இந்த ஊருக்கு வந்த அன்னிக்கு, வெளியே வேப்பமரத்தடில அம்மாம் நேரம் நின்னுக்கினு இருந்துட்டு அப்பால வந்து ஏன் சார் சார்ஜ் எடுத்துக்கினீங்க?"

தலைவர் சிரித்தார். தலைவர் சிரித்ததால் மற்றவர்களும் சிரித்தார்கள். ஈ.ஓ.வும் பேனாவைப் பார்ப்பது போல் சிரித்தார். "ஞாயித்துக்கிழமை அமாவாசை வந்தா என்னம்மா செய்ய?" என்று கேட்டார்.

"திங்கக்கிழமை நீங்க தூங்குங்க சார். நாங்க நெய்வோம்."

அப்போதுதான் அரிசி மில் அண்ணன் எழுந்தார். அவரும் மெம்பர். சுற்று வட்டார நிலமெல்லாம் அவர் குடும்பத்தினுடையது. ஆபீஸில் வேலை நடக்காத ஒவ்வொருவரும் மற்ற மெம்பர்கள் வாசலில் நின்றுவிட்டு, கடைசியில் அவர் வீட்டு வாசலில்தான் போய் நிற்பார்கள். அவர் ஆள் அனுப்பினால் வேலை நடந்துவிடும். அதனால் ஆபீஸ் எவ்வளவுக்கு எவ்வளவு மோசமாக நடந்ததோ அவ்வளவுக்கு அவ்வளவு அவர் பெரிய மனிதர். ஆபீஸைச் சீர்படுத்தப் போகிறவர்களே, இதைக் கேட்டுக்கொள்ளுங்கள். உங்கள் முதல் எதிரி குமாஸ்தா இல்லை. உங்கள் பக்கத்து நாற்காலியில் இருக்கிற மெம்பர்தான். கொஞ்ச நாள் போனால் நீங்களேதான்.

அண்ணன் தேன் ஒழுகப் பேசினார். "தங்கச்சி சொல்றது ரொம்ப நியாயம். நானே ஒரு திருத்தம் கொண்டாரேன். அமாவாசை அன்னிக்குக் காலையில பத்து மணிக்கே ஆபீஸைத் திறந்து, பன்னெண்டு வரைக்கும் நெசவாளருக்கே ஒதுக்கிடுவோம். அப்பால ஆபீசுக்கு அரை நாள் லீவு உட்டுடுவோம். அந்த ரெண்டாவது விசயம் இருக்குதே, அத்த இது எப்படி ஓடுதுன்னு பார்த்துட்டு யோசிப்போம்."

எல்லாரும் மேஜையைத் தட்டினார்கள். அரை நாள் லீவு என்றதும் வெளியே இருந்த குமாஸ்தாக்களும் கதவைத் தட்டினார்கள். அவர் எனக்காகப் பேசியபோது, பின்னாலிருந்து யாரோ என் கொண்டையில் கை வைத்தது போல் இருந்தது. ஆனால் அதற்குள் கைகள் உயர்ந்துவிட்டன, என் கையும் சேர்த்து. எதிரி உங்களுக்காகக் கை தட்டினால், ஓட்டெடுப்பை அடுத்த கூட்டத்துக்குத் தள்ளச் சொல்லுங்கள். தலைவலி என்று சொல்லுங்கள். பெண்ணுக்குத் தலைவலி என்றால் எந்தத் தலைவரும் தள்ளி வைப்பார்.

மார்கழி அமாவாசை வந்தது. காலையில் குளித்து, ஈரத் தலையோடு வடை தட்டிக்கொண்டிருந்தேன். மூன்றாவது ஈடு எண்ணெயில் வேகும்போதுதான் எனக்கு விளங்கியது. தெருவில் எந்த வீட்டைப் பார்த்தாலும் புகை. எல்லா வீட்டிலும் தலைக்கு ஊற்றிக்கொண்டு, உப்புக்கூடப் பார்க்காமல் சமைத்து, செத்துப்போனவர்களுக்குப் படையல் போட்டுக்கொண்டிருக்கிறார்கள். படைத்து, கூரைமேல் காக்கைக்கு வைத்து, அது வந்து தின்ற பிறகுதான் வீட்டு மனிதர்கள் வாயில் சோறு. அது முடிய உச்சி வெயில் தாண்டும். பத்து மணிக்கு எந்த நெசவாளி ஆபீசுக்குப் போவான்? அமாவாசை அன்று நாங்கள் சும்மா இருக்கிறோம் என்று மேஜையைத் தட்டிய அத்தனை பேர் வீட்டிலும் அமாவாசைக்குப் படையல் உண்டு. ஒருவருக்கும் அது நினைவுக்கு வரவில்லை. அண்ணன் ஒருவருக்குத்தான் வந்திருக்கிறது.

மாவுக் கையோடு ஓடினேன். ஆபீஸில் மின்விசிறி எல்லாம் சுற்றிக்கொண்டிருந்தது. ஈ.ஓ. இருந்தார், கதவு திறந்து டீ வாங்கி வருகிற டபேதார் இருந்தார். வேறு ஆள் இல்லை. குமாஸ்தா சின்ன காஞ்சிபுரத்திலிருந்து சைக்கிளில் வருகிறவர். குளக்கரையில் அப்பாவுக்குத் தர்ப்பணம் கொடுத்துவிட்டு, பன்னிரண்டு அடிக்கிற நேரத்துக்கு மூச்சு வாங்க வந்து சேர்ந்தார். விதிப்படி அப்போது பூட்ட வேண்டும். பூட்டினார்கள்.

கொஞ்ச நேரம் கழித்து அரிசி மில் அண்ணன் வெற்றிலை மென்றுகொண்டு வந்தார். "இன்னாமா தங்கச்சி, உன் ஜனம் எங்கே? ஒரு ஈ காக்கா காணோமே?"

காக்கையெல்லாம் எங்கள் தெருக் கூரைமேல் இருக்கிறது அண்ணே என்று சொல்லியிருக்கலாம். நல்ல பதில் எல்லாம் எனக்கு வீட்டுக்கு வந்து கால் கழுவும்போதுதான் வரும். அன்றைக்கும் அப்படித்தான்.

அந்த நேரத்தில் சரோஜா வந்தாள். ஏகாம்பரத்துக்குப் படைத்துவிட்டு, காக்கை தின்ற கையோடு சாப்பிடாமல்கூட வந்திருக்கிறாள். பூட்டைப் பார்த்தாள். அண்ணன் அவளைப் பார்த்தார்.

"இன்னாமா, ஏகாம்பரம் பொண்டாட்டிதானே? இதுக்கு ஏன் அலையற? சாயந்தரம் வூட்டுப் பக்கம் வா. நான் சொன்னா நாளைக்கே கையில வந்துடும்."

"வேணாங்க."

"சும்மா வாம்மா. எல்லாரும்தான் வராங்க."

"என் புருசன் செத்தது ஊருக்கே தெரியும். அத்த இந்த ஆபீசு எழுதிக் குடுக்கறதுக்கு நான் இன்னாத்துக்குங்க உங்க வாசல்ல வந்து சலாம் போடணும்?"

அண்ணன் வெற்றிலையை ஒரு கன்னத்திலிருந்து மறு கன்னத்துக்கு மாற்றிக்கொண்டார். அவர் முகத்தில் வேறு ஒன்றும் மாறவில்லை.

வீட்டுக்கு நடந்து வரும்போது நான் மெல்ல ஆரம்பித்தேன். "சரோஜா, அவரு வேணாம்டி. நானும் மெம்பர்தானே. குமாஸ்தாகிட்ட ஒரு வார்த்தை..."

"உங்க வாசல் மட்டும் வாசல் இல்லியாக்கா?"

"தறி போயிடும்டி."

"போவட்டும். நீங்க ஒரு வார்த்தை சொன்னா நாளைக்குத் தெரு முழுக்க உங்க வூட்டாண்ட நிக்கும். அப்பால உங்களுக்கும் அவருக்கும் இன்னா வித்தியாசம்? நீங்க வெத்தலை போடறதில்ல, அவ்வளவுதான்."

வாயாடிக்குப் பக்கத்தில் குடியிருந்து அவளும் வாயாடியாகிவிட்டாள். சிரித்துவிட்டேன். தை அமாவாசைதான் கடைசி. அதுவும் தவறினால் அவளுக்குத் தெரியாமல் குமாஸ்தா காலிலாவது விழுந்து வாங்கிவிடுவது என்று மனதுக்குள் வைத்துக்கொண்டேன். அவள் இன்னும் அடுத்த வீட்டில்தான் இருக்கிறாள், மெதுவாகப் பேசுங்கள்.

அடுத்த கூட்டத்தில் அண்ணன் அந்தத் தீர்மானத்தை ரத்து செய்யப்போகிறார் என்று டபேதார் வந்து சொன்னார். அவர் ஆற்காட்டுக்காரர், எல்லாரும் பாய் என்று கூப்பிடுவோம். அந்த ஆபீஸில் அவர் பார்த்த தலைவர்களும் மெம்பர்களும் எத்தனையோ. நான் எல்லா மெம்பர் காலிலும் விழத் தயாராக இருந்தேன். பாய் டீ கிளாஸை என் முன்னால் வைத்துவிட்டு மெதுவாகச் சொன்னார்.

"இந்த ரூம்ல ஓட்டு தேடாதீங்கம்மா. இவங்களுக்கு வாசல்ல கூட்டம் நின்னாத்தான் மருவாதி. அந்தக் கூட்டத்தால யாருக்குத் தூக்கம் கெடுதுன்னு பாருங்க. அங்க போங்க."

எனக்குப் புரிய ஒரு டீ தேவைப்பட்டது. அதைக் குடித்து முடித்ததும் நேராக அரிசி மில் அண்ணன் வீட்டுக்குப் போனேன். அண்ணனைப் பார்க்க இல்லை. பின்பக்கமாகப் போய் அடுக்களையில் அண்ணியைப் பார்க்க.

"அண்ணி, காலையில நம்ம வாசல்ல திருவிழா மாதிரி கூட்டமா இருக்குதே" என்றேன்.

அவ்வளவுதான் நான் சொன்னது. மீதியை அண்ணி சொன்னாள். "விடியறதுக்கு முன்னாடியே வந்து நிக்கிறாங்கடி. ஒருத்திக்குக் குழாய், ஒருத்தனுக்கு வீட்டுவரி, ஒருத்தனுக்குப் புள்ள பொறந்த சீட்டு. எல்லாருக்கும் காப்பி குடுன்னுட்டு இவரு நாற்காலியைப் போட்டுக்கினு குந்திடறாரு. பாலு கொதிக்க வெச்சு வெச்சே என் ஆயுசு போவுது. அவரு பெரிய மனுசன் ஆவுறாரு, நான் டீக்கடை ஆவுறேன்."

"இப்ப ஒரு சட்டம் வருது அண்ணி. அது வந்துட்டா இவங்க எல்லாரும் அமாவாசைக்கு அமாவாசை ஆபீசுக்கே போயிடுவாங்க. பதிலும் அங்கியே வந்துடும்."

அண்ணி கரண்டியைக் கீழே வைத்தாள். "அது எப்படி வரும்?"

"அண்ணன் கை தூக்கினா வரும்."

பிறகு ஒவ்வொரு மெம்பர் வீட்டுக்கும் பின்பக்கமாகவே போனேன். எந்த வீட்டிலும் இரண்டு வாக்கியத்துக்கு மேல் பேச வேண்டியிருக்கவில்லை. தலைவர் வீட்டில் ஒரு வாக்கியம்கூட முடியவில்லை. தலைவரின் மனைவி, "எந்தப் பக்கம் கை தூக்கணும், சொல்லு" என்று கேட்டுவிட்டாள்.

கூட்ட நாள் வந்தது. அண்ணன் எழுந்தார். அமாவாசைத் தீர்மானத்தை ரத்து செய்ய வேண்டும் என்றார். காரணமும் சொன்னார். "நான் என் கண்ணால பார்த்தேன். ஆபீசு தொறந்து வெச்சும் ஒரு ஜனம் வரல. கரண்டு செலவு, சம்பளம் செலவு. ஜனம் கேக்காததை நாம ஏன் குடுக்கணும்?"

ஈ.ஓ. தலையை ஆட்டினார். நடந்தது நடந்ததுதானே. தலைவர் என்னைப் பார்த்தார். வீட்டில் என்ன சொல்லியிருந்தாலும், இங்கே கை தூக்க ஒரு காரணம் வேண்டும் என்று அவர் கண் கெஞ்சியது. மெம்பர்கள் எல்லார் கண்ணும் அப்படித்தான் இருந்தது. வீட்டில் பொண்டாட்டி சொன்னாள் என்று எந்த ஆண் சபையில் சொல்வான்? காரணத்தை நான்தான் செய்து கொடுக்க வேண்டும். இதையும் கேட்டுக்கொள்ளுங்கள். ஓட்டு உங்கள் பக்கம் இருந்தால் மட்டும் போதாது. அந்த ஓட்டு வெளியே வர ஒரு கௌரவமான வாசலையும் நீங்கள்தான் திறந்து வைக்க வேண்டும்.

நான் எழுந்தேன். "அண்ணன் சொல்றது வாஸ்தவம். யாரும் வரல. அண்ணன் பொய் சொல்றவரு இல்ல."

அண்ணனுக்கே ஆச்சரியம். உட்காரப் போனவர் நின்றார்.

"ஒண்ணே ஒண்ணு கேக்கறேண்ணே. அன்னிக்கு அமாவாசை. உங்கப்பாரு எம்மாம் பெரிய மனுசன். இதோ நம்ம தலைக்கு மேல படமா மாட்டி வெச்சிருக்கோம். காலையில நீங்க இங்க வந்து ஆபீசைப் பார்த்துக்கினு இருந்தீங்களே, அவருக்கு அன்னிக்கு யாரு சோறு வெச்சது?"

மேலே அண்ணனின் அப்பா மீசையோடு பார்த்துக்கொண்டிருந்தார். அந்தப் படத்துக்கு மாலை போட்டவர்கள் எல்லாரும் அண்ணனையே பார்த்தார்கள்.

"இன்னா பேச்சு பேசற? எங்கப்பாவுக்கு நான் வெக்காம வேற எவன் வெப்பான்?"

"அதானே பார்த்தேன். படைச்சுட்டுத்தான் வந்தீங்க?"

"பின்னே? படைச்சு, காக்கா தின்னப்புறம்தான் வூட்ட வுட்டே கெளம்பினேன்."

"அப்ப ஆபீசாண்ட வரும்போது மணி இன்னாண்ணே இருக்கும்?"

அப்போதுதான் அவருக்குத் தெரிந்தது. வெற்றிலையை மெல்லுவதை நிறுத்திவிட்டார். ஆனால் பின்னால் போக வழி இல்லை. காலையிலேயே வந்தேன் என்றால் அப்பாவுக்குச் சோறு இல்லை. படைத்துவிட்டு வந்தேன் என்றால் காலையில் வரவில்லை.

"பன்னெண்டு, பன்னெண்டரை" என்றார்.

"காரு வெச்சிருக்கற நீங்களே பன்னெண்டரைக்குத்தான் வந்தீங்க. நடந்து வர சரோஜா பத்து மணிக்கு எப்படிண்ணே வருவா? அவளுக்கும் செத்துப்போன ஆளு இருக்குது."

முதலில் சிரித்தது தலைவர் இல்லை, ஈ.ஓ. மேஜையில் பேனா குதிக்கும்படி சிரித்தார். சிரித்து முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "எனக்கும் அன்னைக்கு வீட்ல படையல் கிடக்குன்னு ஆள் மேல ஆள் வந்துச்சு. ரெண்டு மணிக்கு மேலன்னா எல்லாருக்கும் சௌகரியம்" என்றார். வாசலுக்கு வெளியே குமாஸ்தாவின் குரல் கேட்டது. "நேக்கும்தான் சார். அன்னிக்கு ஆத்துல ஒரு வாய் சாப்பிடாம ஓடி வந்தேன்."

காரணம் கிடைத்துவிட்டது. கைகளுக்கு அவ்வளவு அவசரம். அமாவாசை மத்தியானம் இரண்டு மணியிலிருந்து விளக்கு வைக்கிற நேரம் வரை ஆபீஸ் திறந்திருக்கும் என்று நிறைவேறியது. உடனே நான் இரண்டாவது விஷயத்தை எடுத்தேன். இரும்பு சூடாக இருக்கும்போது போண்டாவுக்கு இடைவேளை விடக் கூடாது. கொடுத்த மனுவுக்கு அடுத்த அமாவாசைக்குள் பதில். அப்போதும் கைகள் உயர்ந்தன. ஒவ்வொரு கையைப் பார்க்கும்போதும் எனக்கு அந்தந்த வீட்டு அடுக்களை தெரிந்தது. அண்ணன் மட்டும் வெற்றிலையைத் துப்பிவிட்டு வருகிறேன் என்று எழுந்து வெளியே போனார். ஓட்டெடுப்பு முடிகிற வரை துப்பிக்கொண்டிருந்தார். எதிர்த்துக் கை தூக்கியிருக்கலாம், தூக்கவில்லை. அண்ணி நல்ல சமையல்காரி, அவரும் ராத்திரி சாப்பிட வேண்டுமே.

"சட்டம் வந்துடுச்சு சார்" என்றேன் ஈ.ஓ.விடம்.

"இது சட்டம் இல்லம்மா, தீர்மானம். மெட்ராஸுக்கு அனுப்பி, அரசு ஒத்துக்கிட்டா துணைவிதி ஆகும்."

"பேரு எதுவா இருந்தா இன்னா சார், தை அமாவாசைக்குக் குமாஸ்தா நாற்காலியில இருப்பாரா?"

"இருப்பார்" என்றார். அந்த மனிதர் வாயால் விதியைப் பார்க்காமல் வந்த முதல் வார்த்தை அதுதான் என்று நினைக்கிறேன்.

தை அமாவாசை. வருஷத்திலேயே செத்தவர்களுக்குப் பெரிய நாள். இரண்டு மணிக்குக் கதவு திறந்தது. குமாஸ்தா நெற்றியில் பளிச்சென்று நாமத்தோடு உட்கார்ந்திருந்தார், துண்டு தோளில் இருந்தது. ஜனம் வந்தது பாருங்கள். தெரு தெருவாக வந்தது. வயிறு நிறைந்த ஜனம், வடை வாசனையோடு வந்தது. குழாய் கேட்டவர்கள், வீட்டுவரியில் பெயர் மாற்ற வந்தவர்கள், பிள்ளை பிறந்ததைப் பள்ளியில் சேர்க்கிற வயது வரைக்கும் எழுதி வாங்காதவர்கள். வரிசை ஆபீஸ் படியிறங்கி, வேப்பமரத்தைச் சுற்றி, சாலைக்குப் போய்விட்டது. ஈ.ஓ. தன் அறையிலிருந்து நாற்காலியைத் தூக்கிக்கொண்டு வந்து குமாஸ்தா பக்கத்தில் போட்டுக்கொண்டு, அங்கேயே கையெழுத்துப் போட ஆரம்பித்தார். நாளைக்கு வா என்று சொல்ல அன்றைக்கு ஒருவருக்கும் நேரமில்லை.

சரோஜா நேரம் கழித்து வந்தாள். அவள் வீட்டுக் கூரைக்குக் காக்கை வர நேரமாகிவிட்டதாம். ஏகாம்பரம் அல்லவா, சோறு சோறுதானா என்று சுற்றிப் பார்த்துவிட்டுத்தான் இறங்கியிருப்பான். வரிசையில் கடைசி ஆளாக நின்றாள். நான் கூப்பிட்டு முன்னால் நிறுத்தியிருக்கலாம். அவள் என்னைப் பார்த்த பார்வையில் என் கை மடியிலேயே இருந்துவிட்டது.

வெயில் இறங்கியது. வரிசை நகர்ந்தது, ஆனால் பொழுது அதைவிட வேகமாக நகர்ந்தது. விளக்கு வைக்கிற நேரம் வரை என்பது தீர்மானம். ஈ.ஓ. தீர்மானம் என்றால் தீர்மானம் என்கிற ஆள். விளக்குப் போட்டால் பூட்டிவிடுவார். சரோஜாவுக்கு முன்னால் இன்னும் ஆட்கள் நின்றிருந்தார்கள். தெருவில் ஒவ்வொரு வீட்டிலும் மாடத்தில் விளக்கு ஏறிக்கொண்டிருந்தது. குமாஸ்தா எழுத்தைக் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

"பாய், லைட்டைப் போடுங்களேன்" என்றார் ஈ.ஓ.

"போடறேன் சார்" என்றார் பாய். சுவரைத் தடவினார். இந்தச் சுவரைத் தடவினார், அந்தச் சுவரைத் தடவினார். அவர் தினமும் போடுகிற சுவிட்ச். அது எங்கே இருக்கிறதென்று அன்றைக்கு மட்டும் அவருக்கு மறந்துவிட்டது. "இங்கதான் சார் இருந்துச்சு" என்றார். ஈ.ஓ. நிமிர்ந்து பாயைப் பார்த்தார். பிறகு வரிசையைப் பார்த்தார். பிறகு எழுந்து மேஜையின் ஒரு முனையைப் பிடித்து, "இந்த முனையைப் பிடிங்க" என்று குமாஸ்தாவிடம் சொன்னார். இரண்டு பேருமாக மேஜையை ஜன்னல் பக்கம் நகர்த்தினார்கள். மிச்ச வெளிச்சத்தில் எழுதினார்கள்.

கடைசியாகச் சரோஜா. குமாஸ்தா எழுதினார், ஈ.ஓ. கையெழுத்துப் போட்டார், முத்திரை குத்தினார். காகிதம் அவள் கைக்குப் போன பிறகுதான் பாய்க்குச் சுவிட்ச் கிடைத்தது.

அவள் வெளிச்சத்தில் அதைப் பார்த்தாள். ஏகாம்பரம் பெயரை விரலால் தொட்டாள். திருப்பிப் பார்த்தாள், மறுபடி தொட்டாள். புருஷன் பழக்கம் ஒட்டிக்கொண்டுவிட்டது. பிறகு மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு என் பக்கம் வந்தாள்.

"யாருக்கும் சலாம் போடலக்கா" என்றாள்.

"எனக்கு ஒண்ணு போடலாம்டி. இந்தச் சட்டத்துக்காக எத்தனை அடுக்களைப் புகை குடிச்சிருக்கேன்."

"போண்டா வாங்கித் தரேன்."

அடுத்த வாரம் சங்கக் கூட்டத்தில் அந்தத் தறிக்கு அவள் பெயர் ஏறியது. மாசியில் அவள் பெயரிலேயே நெய்வதற்குப் புதுப் பாவு நூல் வந்தது. விடியற்காலையில் தெரு நீளத்துக்கு இழுத்துக் கட்டி, நாங்கள் எல்லாரும் இரண்டு பக்கமும் நின்று கஞ்சி போட்டு நீவிக் கொடுத்தோம். கருநீலம். அரிசி மில் அண்ணன் கார் அந்த வழியாக வந்தது. பாவு கட்டியிருக்கும் தெருவில் யார் கார் வந்தாலும் நிற்க வேண்டும். நின்றார். கண்ணாடியை இறக்கி, "நல்லா இருக்குதுமா நிறம்" என்றார் சரோஜாவிடம். வேறு வழியில்லாத நேரத்தில் சொன்னாலும் நல்ல வார்த்தை நல்ல வார்த்தைதான். பின்னாளில் தீர்மானம் மெட்ராஸுக்குப் போய், முத்திரையோடு திரும்பி வந்து துணைவிதி ஆனது. பெயர் பெரிதானது, மற்றபடி அதேதான். அண்ணன் வீட்டு வாசல் காலியானது. அண்ணி எனக்குத் தீபாவளிக்குத் தீபாவளி முறுக்கு அனுப்பினாள்.

அக்கம்பக்கத்துக்காரிகள் மட்டும் என்னை விடவில்லை. சபையில் நான் என்ன பேசினேன், எப்படி ஜெயித்தேன் என்று உங்களைப் போலவே நச்சரித்தார்கள். மாசி அமாவாசை அன்று கூரைக்குக் கூரை சோறு வைத்துவிட்டு எல்லாரும் வாசலில் நின்றுகொண்டிருந்தோம். எல்லார் வீட்டுக்கும் காக்கை வந்துவிட்டது. சரோஜா வீட்டுக்கு மட்டும் வரவில்லை. அவள் கழுத்தை நீட்டி நீட்டி வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இன்னாக்கா, ஏகாம்பரத்தைக் காணோமே?" என்று எதிர்வீட்டுக்காரி கேட்டாள்.

"வருவான்" என்றேன். "இன்னிக்கு ஆபீசுல குமாஸ்தா நாற்காலியில இருக்காரான்னு எட்டிப் பார்த்துட்டு வருவான். பார்க்காம எதையும் நம்பற ஆளா அவன்?"